வசந்தத்தில் பூக்கும் கிழங்குச் செடிகளுக்கு எந்தப் பருவத்தில் நீர் விட வேண்டும், எப்போது நிறுத்த வேண்டும்?

வடலி (ஸ்காபரோ, கனடா)

அனைவருக்கும் வணக்கம். எங்கள் வீட்டு முன்புறப் பாத்தியில் துலிப் கிழங்குகளும், வேலியோரம் பெரிய மேப்பிள் மரத்தின் கீழே டாஃபடில் கிழங்குகளும் சில ஆண்டுகளாக இருக்கின்றன. முதல் வசந்தத்தில் இரண்டும் நிறைவாகப் பூத்தன. இப்போது துலிப்பில் பெரும்பாலானவை ஒற்றை அகல இலையை மட்டும் விட்டு நின்றுவிடுகின்றன. சிலவற்றைத் தோண்டிப் பார்த்தபோது கிழங்கு இருந்த இடத்தில் பழுப்புத் தோலும் கொழகொழத்த எச்சமும்தான் மிஞ்சியிருந்தன. டாஃபடிலில் இலைகள் அடர்ந்து வருகின்றன, ஆனால் மொட்டு வருவதில்லை.

புல்வெளிக்காகப் பொருத்தப்பட்ட தானியங்கித் தெளிப்பான் மே மாதக் கடைசியிலிருந்து செப்டம்பர் வரை நாள்தோறும் காலையில் சிறிது நேரம் ஓடுகிறது. அந்த நீர் துலிப் பாத்தியின் மீது விழுகிறது. மேப்பிள் மரத்தடிக்கு எட்டுவதில்லை. ஒரே தோட்டத்தில் ஒன்று நீர் மிகுந்தும் மற்றொன்று நீர் குறைந்தும் கெட்டிருக்கக்கூடுமா என்பதே என் கேள்வி. எங்கள் மண் களிப்பானது என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

மணற்குன்று (லெய்டன் அருகில், நெதர்லாந்து)

வணக்கம். நீங்கள் சொல்வதை வைத்துப் பார்த்தால் அப்படித்தான் நடந்திருக்க வேண்டும். சற்று விரிவாக எழுதுகிறேன், ஏனெனில் இவ்விரண்டும் ஒரே கடையில், ஒரே மாதத்தில், அடுத்தடுத்த பெட்டிகளில் விற்கப்படுவதாலேயே ஒரே மாதிரியான செடிகள் என்ற எண்ணம் பலருக்கும் வந்துவிடுகிறது.

தோட்டத் துலிப்புகளின் முன்னோர்களில் பெரும்பாலானவை நடு ஆசியாவின் தியான்ஷான், பாமிர் மலைப் பகுதிகளைச் சேர்ந்தவை. அங்கே குளிர்காலம் முழுவதும் பனி மூடியிருக்கும். வசந்தத்தில் பனி உருகி மண் நன்றாக நனையும். அதன் பிறகு கோடை முழுவதும் கல்லும் மண்ணுமான சரிவுகள் காய்ந்து சுடும். இலை விடுவதும், பூப்பதும், அடுத்த ஆண்டுக்கான கிழங்கை நிரப்புவதும் அந்தக் குறுகிய ஈரக் காலத்துக்குள் முடிந்தாக வேண்டும். துலிப்பின் தாய்க்கிழங்கு ஆண்டுதோறும் தீர்ந்துபோய், அதனிடத்தில் சேய்க்கிழங்குகள் உருவாகின்றன. ஆகவே நீங்கள் கண்ட பழுப்புத் தோல் மட்டும் அழுகலுக்குச் சான்றாகாது. அது பழைய தாய்க்கிழங்கின் உறையாக இருக்கலாம். கொழகொழப்பும் கெட்ட வாடையும் இருந்தால்தான் அது அழுகல். ஒற்றை இலை என்பது சேய்க்கிழங்கு பூக்கும் பருமனை எட்டவில்லை என்பதன் அடையாளம்.

கோடையில் துலிப் உறங்குகிறது என்று சொல்வது வழக்கம். வெளியே எதுவும் நிகழாவிட்டாலும், அடுத்த வசந்தத்தின் பூ அந்தக் கிழங்கின் நடுவே உருவாவது அப்போதுதான். இங்கே லிஸ்ஸே, ஹில்லெகோம் பகுதி விவசாயிகள் ஜூன், ஜூலை மாதங்களில் கிழங்குகளைத் தோண்டியெடுத்து, காயவைத்து, காற்றோட்டமான கிடங்குகளில் ஏறத்தாழ 20 பாகை வெப்பத்தில் வைக்கிறார்கள். பூ கிடங்கில் இருக்கும்போதே உருவாகிவிடுகிறது. மண்ணில் விடப்பட்ட கிழங்குக்கும் அதே வெப்பமும் வறட்சியும் வேண்டும். அந்த நேரத்தில் நாள்தோறும் நீர் தெளித்தால் மண் ஈரமாகவும் கதகதப்பாகவும் இருக்கும். ஃபுசேரியம் பூஞ்சைக்கு அதைவிட ஏற்ற சூழல் கிடையாது.

டாஃபடிலின் நாட்காட்டி வேறு. அதன் இயற்கை இனங்கள் மிகுதியாக இருப்பது ஸ்பெயின், போர்த்துகல் நிலப்பகுதியில். அவற்றில் பல ஓடைக்கரைகளிலும் வசந்தத்தில் நீர் கசியும் புல்வெளிகளிலும் வளர்பவை. டாஃபடிலின் கிழங்கு துலிப்பைப் போல ஆண்டுதோறும் தீர்ந்துபோவதில்லை. முக்கியமாக, அடுத்த ஆண்டின் பூ மே, ஜூன் மாதங்களில், இலைகள் இன்னும் பச்சையாக இருக்கும்போதே கிழங்குக்குள் தொடங்கிவிடுகிறது. உங்கள் மேப்பிள் மரம் இலை விரித்து, மண்ணின் ஈரத்தையெல்லாம் உறிஞ்சத் தொடங்குவதும் சரியாக அப்போதுதான். பூ முடிந்ததும் நாம் அந்தப் பக்கம் பார்ப்பதையே நிறுத்திவிடுகிறோம். கிழங்கு நீருக்குத் தவிக்கும் வாரங்கள் அவைதான். இலை மட்டும் வந்து பூ வராமல் போவதற்கு வசந்தக் கடைசியில் நேரும் வறட்சி மிகப் பொதுவான காரணங்களில் ஒன்று. கொத்து மிக நெருங்கிப் போயிருந்தாலும் இப்படி ஆகலாம். இலைகள் காய்ந்த பிறகு ஒன்றைத் தோண்டிப் பார்த்து, தேவையானால் பிரித்து நடுங்கள்.

வடலி (ஸ்காபரோ, கனடா)

மிக்க நன்றி, அண்ணா. கோடையில் துலிப்புக்கு நீரை நிறுத்த வேண்டும், பூத்த பின் டாஃபடிலுக்கு நீர் தொடர வேண்டும் என்பது விளங்குகிறது. அப்படியானால் இலையுதிர்காலத்தில் நட்டவுடன் என்ன செய்வது? கடைகளில் தரப்படும் தாளில் ஆழமும் இடைவெளியும்தான் இருக்கின்றன. நீர் பற்றி ஒரு வரியும் இல்லை.

ஆற்றோரம் (ஒட்டாவா, கனடா)

இலையுதிர்கால நீர்தான் மிக அதிகமாகப் புறக்கணிக்கப்படுவது என்று நான் கருதுகிறேன். செப்டம்பர் கடைசியிலிருந்து நவம்பர் வரை நடும் கிழங்கு மேலே எந்த அசைவும் காட்டாது. ஆனால் மண் ஏறத்தாழ 10 பாகைக்குக் குளிர்ந்ததும் கீழே வேர் விடத் தொடங்குகிறது. துலிப்பின் வேர்கள் கிளைக்காதவை. அறுந்தாலோ காய்ந்தாலோ அவை மீண்டும் வளர்வதில்லை. ஆகவே நிலம் உறைவதற்கு முன்பு எவ்வளவு வேர் இறங்குகிறதோ அவ்வளவுதான் வசந்தத்தின் முதல் வாரங்களுக்கான கைமுதல். வேர் இறங்காத கிழங்கு, உறைந்து உருகும் மண்ணால் மேலே தள்ளப்படுவதும் உண்டு.

நான் கடைப்பிடிக்கும் முறையைச் சொல்கிறேன். நட்ட அன்றே ஒருமுறை ஆழமாக நீர் விட வேண்டும். கிழங்கு 15 முதல் 20 சென்டிமீட்டர் ஆழத்தில் இருக்கிறது. வேர் அதற்கும் கீழே போகிறது. ஆகவே 25 அல்லது 30 சென்டிமீட்டர் வரை மண் நனைய வேண்டும். ஒரு சதுர மீட்டர் பாத்திக்கு 25 லிட்டர் நீர் என்பது 25 மில்லிமீட்டர் மழைக்குச் சமம். மழையில்லாத வாரத்தில் அந்த அளவை ஒரே தடவையில், மெதுவாக இறங்கும்படி விடலாம். களிமண்ணாக இருந்தால் அதைவிடக் குறைவான தடவைகளே போதும். நல்ல மழை பெய்த வாரத்தில் எதுவும் தேவையில்லை. நிலம் உறைந்ததும் நிறுத்திவிட வேண்டும். பனிக்கு அடியில் கிழங்குக்கு நம்மிடமிருந்து எதுவும் வேண்டியதில்லை.

தெளிப்பான் நாள்தோறும் சிறிது நேரம் ஓடுவதில் இன்னொரு கேடும் இருக்கிறது. அந்த நீர் மேலே சில சென்டிமீட்டரை மட்டுமே நனைக்கிறது. புல்லுக்கு அது போதலாம், கிழங்கின் வேருக்கு எட்டாது. களிமண்ணிலோ அந்தச் சிறிய அளவும் நாள்தோறும் சேர்ந்து, காய்வதற்கு இடைவெளியே இல்லாமல் போகிறது. எனவே நீர் தேவைப்படும் மே மாதத்தில் குறைவாகவும், தேவையற்ற ஜூலையில் மிகுதியாகவும் கிடைக்கும்படி அது அமைந்துவிடுகிறது. நீர் விடுவதற்கு முன் சிறு மண்வெட்டியால் ஓர் ஓரத்தில் குத்தி, கிழங்கின் ஆழத்தில் மண்ணைத் தொட்டுப் பாருங்கள். மேல்மண்ணைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள்.

எங்கள் நகரத்துத் துலிப் விழாவைப் பார்த்துவிட்டு, அவை ஆண்டுதோறும் அதே இடத்தில் தாமாகவே எழுகின்றன என்று நினைப்பவர்கள் பலர். 1945-இல் நெதர்லாந்து நன்றிக்கடனாக ஒரு லட்சம் கிழங்குகளை அனுப்பியதிலிருந்து வளர்ந்த மரபு அது. ஆனால் அந்தப் பொதுப் பூங்காப் பாத்திகளில் ஒவ்வோர் இலையுதிர்காலத்திலும் புதிய கிழங்குகள் நடப்படுகின்றன. அவற்றை நம் வீட்டுப் பாத்திக்கு அளவுகோலாகக் கொள்ள முடியாது.

தேம்ஸ்கரை (தென்மேற்கு லண்டன்)

இங்கும் களிமண்தான். துலிப் நடும்போது குழியின் அடியில் ஒரு கைப்பிடி சரளைக்கல் போட்டு, அதன்மேல் கிழங்கை வைப்பது எங்கள் பக்கத்தில் நெடுங்கால வழக்கம். நீர் சரளைக்குள் இறங்கி, கிழங்கின் அடிப்பாகம் காய்ந்திருக்கும் என்பதுதான் காரணம். வடலி அவர்களும் இதைச் செய்து பார்க்கலாம்.

மணற்குன்று (லெய்டன் அருகில், நெதர்லாந்து)

இதில் நான் மாறுபடுகிறேன், மன்னிக்க வேண்டும். களிமண்ணில் தோண்டிய குழி ஒரு குவளையைப் போன்றது. அதன் அடியில் கல்லைப் போட்டால் நீர் வெளியேறுவதற்கு வழி உண்டாவதில்லை, கல்லின் இடுக்குகளில் நீர் தேங்குவதற்கு இடம்தான் உண்டாகிறது. நுண்ணிய துகள்களுள்ள மண்ணிலிருந்து பெரிய இடுக்குகளுள்ள சரளைக்கு நீர் எளிதில் இறங்காது. மேலுள்ள மண் முற்றிலும் நிறைந்து வழியும்போதுதான் இறங்கும். அதுவரை அந்த நீர் கிழங்கைச் சுற்றியே நிற்கும்.

பாத்தி முழுவதையும் சுற்றியுள்ள தரையைவிட 15 அல்லது 20 சென்டிமீட்டர் உயர்த்தி, நன்கு மக்கிய இலையுரத்தைக் குழியில் மட்டுமல்லாமல் பாத்தி முழுவதும் கலப்பதே சரியான வழி. எங்கள் கடலோரக் கிழங்கு வயல்களில் உள்ளது நுண்மணல். அங்கே நிலத்தடி நீர்மட்டத்தை வாய்க்கால்கள் வழியாகத் தரையிலிருந்து ஏறத்தாழ 60 சென்டிமீட்டர் ஆழத்தில் நிறுத்தி வைக்கிறார்கள். அங்கிருந்து மணலின் நுண்துளைகள் வழியாக வேருக்கு வேண்டிய ஈரம் மேலேறுகிறது; கிழங்கு இருக்கும் அடுக்கு மூழ்குவதில்லை. கடல்மட்டத்தையொட்டிய இவ்வளவு ஈரமான நாட்டில் மலைச்சரிவின் செடி செழிப்பதற்கு அந்த நீர்மட்டக் கட்டுப்பாடு ஒரு முதன்மைக் காரணம். அந்த வயல்களில் நடக்கும்போதெல்லாம் எனக்கு வியப்பாக இருப்பது பூக்களைவிட இந்த நீர் மேலாண்மைதான்.

தேம்ஸ்கரை (தென்மேற்கு லண்டன்)

விளக்கத்துக்கு நன்றி. குழியைப் பற்றிய உங்கள் வாதம் ஏற்கத்தக்கதே. பாத்தியை உயர்த்த இடமில்லாதவர்களுக்கு, இனத்தைத் தேர்ந்தெடுப்பது ஒரு வழி என்பதைச் சேர்க்க விரும்புகிறேன். ஈரமான இடத்தில் துலிப்பைக் காப்பாற்றப் போராடுவதைவிட, ஈரத்தையே விரும்பும் கிழங்கை நடுவது நல்லது. பாம்புத்தலைப் பூ எனப்படும் ஃபிரிட்டிலாரியா மெலியாக்ரிஸ் இங்கிலாந்தின் வெள்ளச் சமவெளிப் புல்வெளிகளில் இயல்பாக வளர்கிறது. வில்ட்ஷயரில் கிரிக்லேடு ஊரையொட்டிய நார்த் மெடோ என்ற புல்வெளி குளிர்காலத்தில் தேம்ஸ் ஆற்று நீரில் மூழ்கி, ஏப்ரலில் இலட்சக்கணக்கில் அந்தப் பூக்களைத் தருகிறது. கட்டமிட்ட துணியைப் போன்ற ஊதா இதழ்கள். நேரில் காண வேண்டியவை. அந்தக் கிழங்கை வாங்கி வந்து சில நாள் வெளியே காயவிட்டாலே அது சுருங்கிவிடும், உடனே நட வேண்டும்.

கனடாவில் இருப்பவர்களுக்குக் கமாசியா இன்னும் பொருத்தமானது. அது வட அமெரிக்காவின் மேற்குப் பகுதியைச் சேர்ந்தது. வசந்தத்தில் நீர் நிற்கும் புல்வெளிகளில் வளரும், களிமண்ணைத் தாங்கும். வான்கூவர் தீவின் பழங்குடி மக்கள் அதன் கிழங்கை உணவுக்காகப் பேணி வளர்த்திருக்கிறார்கள். பனித்துளிப் பூவும் கோடையில் முற்றாகக் காய்வதை விரும்பாது, ஆனால் அதற்கு மரநிழல் வேண்டும்.

இன்னொன்று. வசந்தத்தில் துலிப்புக்கு நீர் விடும்போது இலைமேல் தெளிக்காமல் அடியில் மண்ணுக்கு மட்டும் விடுங்கள், அதுவும் காலையில். இலைகள் நீண்ட நேரம் ஈரமாக இருந்தால் துலிப் கருகல் நோய் என்ற பூஞ்சை நோய் பரவும்; இலைகள் தீயில் வாட்டியதுபோல் ஆகிவிடும். உதிர்ந்த இதழ்கள் இலைமேல் ஒட்டிக்கொண்டிருந்தால் அவற்றையும் அகற்றிவிட வேண்டும்.

பனிமூட்டம் (குன்னூர், நீலகிரி)

உரையாடலைத் தொடர்ந்து படித்து வருகிறேன். காஷ்மீரில் சபர்வான் மலையடிவாரத்தில், தால் ஏரியைப் பார்த்தபடி இருக்கும் துலிப் தோட்டத்தைக் கண்டதிலிருந்து எனக்கும் ஆசை உண்டு. எங்கள் ஊரும் குளிரான மலைதானே, நிலத்தில் நட்டால் வருமா?

ஆற்றோரம் (ஒட்டாவா, கனடா)

குளிரைவிட மழை எந்த மாதங்களில் பெய்கிறது என்பதே இங்கு முக்கியம், ஐயா. ஸ்ரீநகரில் குளிர்காலத்தில் பனி விழுகிறது, வசந்தத்தில் மழை பெய்கிறது, கோடையில் பருவமழையின் வேகம் குறைவு. அது துலிப்பின் பிறப்பிடத்துக்கு நெருங்கிய ஒழுங்கு. நீலகிரியில் ஜூன் முதல் தென்மேற்குப் பருவமழையும், அக்டோபர் முதல் வடகிழக்குப் பருவமழையும் மாறி மாறிப் பெய்கின்றன. ஜனவரி முதல் மார்ச் வரைதான் வறட்சி. கிழங்கு காய்ந்து கிடக்க வேண்டிய மாதங்களில் அங்கே மண் ஊறியிருக்கிறது, இலையும் பூவும் வர நீர் வேண்டிய மாதங்களில் காய்கிறது. இரவில் உறைபனி விழுந்தாலும் பகலில் வெயில் ஏறிவிடுவதால், கிழங்குக்கு வேண்டிய தொடர்ச்சியான குளிர் மண்ணுக்குக் கிடைப்பதில்லை.

உங்கள் பகுதியின் செங்காந்தள் இதற்கு நேர் எதிரான ஒழுங்குடையது. அதன் கிழங்கு மழையோடு முளைத்து, மழை முடிந்து கொடி காய்ந்ததும் உறங்கிவிடும். உறக்க காலத்தில் அதற்கு நீர் விடக் கூடாது என்பதை உங்கள் ஊர்க்காரர்கள் அறிவார்கள். துலிப்புக்கும் விதி அதுவே, மாதங்கள்தான் வேறு.

ஆகவே தொட்டியில் வளர்ப்பதே வழி. கிழங்குகளைக் காகிதப் பையிலிட்டு, குளிர்சாதனப் பெட்டியில் 4 அல்லது 5 பாகையில் 12 முதல் 14 வாரம் வையுங்கள். அதே பெட்டியில் ஆப்பிள், வாழை போன்ற பழங்கள் இருக்கக் கூடாது. பழுக்கும் பழங்கள் விடும் எத்திலீன் வாயு உள்ளிருக்கும் பூவைக் கருகச் செய்துவிடும். டிசம்பர் கடைசியிலோ ஜனவரியிலோ எடுத்து நட்டால், உங்கள் வறண்ட மாதங்களில் நீரின் அளவு உங்கள் கையிலேயே இருக்கும். ஒரு பருவம் பூத்த பின் அந்தக் கிழங்கிலிருந்து மறுபடி பூவை எதிர்பார்க்க வேண்டாம்.

வடலி (ஸ்காபரோ, கனடா)

எல்லாருக்கும் நன்றி. தெளிப்பானின் அந்தக் கிளைக்குழாயை மூடிவிட்டு, துலிப் பாத்தியின் மேல் நீர் அதிகம் கேட்காத லாவெண்டரையும் செடத்தையும் நடலாம் என்று எண்ணுகிறேன். கோடைப் பூஞ்செடிகளை நட்டால் அவற்றுக்காக நீர் விடத்தான் வேண்டியிருக்கும். மேப்பிள் மரத்தடியில் ஏப்ரல் கடைசியிலிருந்து சொட்டுநீர்க் குழாய் போடுவேன். அதை எப்போது நிறுத்துவது? பால்கனியில் தொட்டிகளில் நடும் என் தங்கைக்கும் இதே கணக்குப் பொருந்துமா?

மணற்குன்று (லெய்டன் அருகில், நெதர்லாந்து)

நிறுத்தும் நாளை நாட்காட்டியில் தேடாதீர்கள், இலையில் பாருங்கள். இலைகள் பாதி மஞ்சளாகும்வரை நீர் தொடரட்டும். அதன் பிறகு நிறுத்திவிடலாம். ரொறன்ரோப் பகுதியில் துலிப்புக்கு அது பெரும்பாலும் ஜூன் மாதத்தில் வரும், டாஃபடிலுக்குச் சற்றுப் பிந்தலாம். அதற்கு முன் இலைகளை வெட்டுவதோ, பின்னி முடிச்சிடுவதோ கூடாது. நீர் விட்டும் பயனில்லாமல் போகும். மரத்தடி டாஃபடிலுக்குக் கோடையில் தனியாக நீர் தேவையில்லை. வெப்பமும் ஈரமும் சேர்ந்தால் அதற்கும் அடியழுகல் வரும். செப்டம்பரில் அதன் வேர் மறுபடி தொடங்கும்போது, மழை இல்லையென்றால் ஆழமாக நீர் விடுங்கள். துலிப்பைவிட அது முந்தியே வேர் விடும்.

பூத்த பின் நலிந்துபோகும் துலிப் வகைகளைத் திரும்பத் திரும்ப வாங்குவதில் சலிப்பு வந்தால், துலிப்பா டார்டா, துலிப்பா கிளூசியானா போன்ற சிறிய இயற்கை இனங்களை முயன்று பாருங்கள். பாத்தி கோடையில் காய்ந்தால் அவை பல ஆண்டுகள் நிற்கும், பெருகவும் செய்யும். எனக்குப் பெரிய கலப்பினங்களைவிட அவைதாம் பிடிக்கும்.

ஆற்றோரம் (ஒட்டாவா, கனடா)

தொட்டிக்குக் கணக்கு வேறு. நிலத்தில் இருக்கும் கிழங்குக்கு ஆழ்மண்ணின் ஈரம் துணையிருக்கிறது. தொட்டியில் நாம் விட்டதைத் தவிர வேறில்லை. மழை பெய்தாலும் மாடியின் கூரை அதை மறைத்துவிடும். ஆகவே நட்டவுடன் அடித்துளையில் வழியும்வரை விட்டு, பிறகு மேல்மண் இரண்டு மூன்று சென்டிமீட்டர் காய்ந்ததும் மறுபடி விட வேண்டும். தொட்டிக்கு அடியில் தட்டு வைக்கக் கூடாது.

நம் குளிரில் பால்கனியிலேயே விட்டால் தொட்டி எல்லாப் பக்கமும் கடுமையாக உறைந்து, கிழங்கு சிதைந்துவிடும். சூடேற்றாத கராஜில் வைப்பது பாதுகாப்பானது. ஆனால் அங்கே பனியும் மழையும் எட்டாது என்பதை மறந்து, மார்ச் வரை ஒரு சொட்டு நீரும் விடாமல் இருப்பவர்கள் பலர். அவர்கள் காண்பது காய்ந்த மொட்டுகளைத்தான். மாதம் ஒருமுறையாவது விரலை மண்ணுக்குள் விட்டுப் பார்த்து, உறையாமலும் காய்ந்தும் இருந்தால் சிறிதளவு நீர் விடச் சொல்லுங்கள். முளை தெரிந்து, வெளியே கொண்டுவந்து வெயில் ஏறத் தொடங்கியதும் தேவை வேகமாகக் கூடும். மொட்டு நிறம் காட்டும் வாரத்தில் ஒருநாள் முழுவதும் காய்ந்தாலும் அது விரியாமலேயே கருகலாம். அடுக்கிதழ் டாஃபடில்களில் இது இன்னும் மிகுதி. அவற்றைத் தொட்டிக்குத் தேர்ந்தெடுக்காமல் இருப்பது நல்லது.